ஊர் என்பது யார்? பெரும்பான்மை முடிவும் தனி ஊராட்சிகளும், 1897 முதல் 2006 வரை

பலர் கூடி முடிவெடுக்கும்போது எல்லாரும் ஒத்துக்கொள்வது அரிது என்பதால், கூடுதலானவர்கள் எந்தப் பக்கம் நிற்கிறார்களோ அந்தப் பக்கத்தின் முடிவையே அனைவரின் முடிவாகவும் ஏற்பது என்ற ஏற்பாடு மக்களாட்சியின் அடிப்படை விதியாயிற்று. இதுவே பெரும்பான்மை ஆட்சி. இன்று தோற்ற தரப்பு நாளை வெல்லலாம் என்ற வாய்ப்பு திறந்திருக்கும்வரை தோற்றவரும் அந்த முடிவுக்குக் கட்டுப்படுவர். வாக்குகள் கருத்தின்படி பிரியாமல் பிறப்பின்படி பிரியும் இடங்களிலோ, தோற்ற தரப்பு என்றென்றும் தோற்ற தரப்பாகவே இருந்துவிடுகிறது. பழைய இராமநாதபுரம், மதுரை மாவட்டங்களின் வரலாறு இந்தச் சிக்கலை வேறெங்கும் காண்பதைவிடக் கூர்மையாகக் காட்டுகிறது. சாலை போடுவதையும் கண்மாய் தூர்வாருவதையும் வரி விதிப்பதையும் பெரும்பான்மை முடிவுசெய்யலாம். முடிவெடுக்கும் அவையில் யார் உட்காரலாம் என்பதை மட்டும் அது முடிவுசெய்ய முடியாது என்ற கோட்பாடு, நூறாண்டுக்கும் மேலாக இப்பகுதியில் பட்ட துன்பங்களினூடே வடிவம் பெற்றது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

சிக்கல் ‘ஊர்’ என்ற சொல்லிலேயே தொடங்குகிறது. தென்மாவட்டங்களின் பேச்சு வழக்கில் ஊர் வேறு, சேரி வேறு. இன்று ஊர்த்தெரு வேறு, காலனி வேறு. ‘ஊர் கூடி முடிவெடுத்தது’ என்று ஒருவர் சொல்லும்போது சேரியில் குடியிருப்போர் அந்தக் கூட்டத்தில் இருந்ததாகப் பொருளில்லை. அந்த முடிவுக்கு அவர்கள் கட்டுப்பட வேண்டும் என்பது மட்டும் பொருளில் அடங்கியிருக்கிறது. முதலாம் பராந்தகன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டுகள் குடவோலை முறையை விரிவாகச் சொல்வதால் தமிழர் மக்களாட்சிக்குச் சான்றாக அவை எடுத்துக்காட்டப்படுகின்றன. குடத்தில் பெயர் போடுவதற்கு நிலவுடைமையும் வேதக் கல்வியும் தகுதிகளாக விதிக்கப்பட்டிருந்ததையும் அதே கல்வெட்டுகள்தான் சொல்கின்றன. குடத்திலிருந்து ஓலை எடுத்த முறை நேர்மையானது. ஆனால் எந்தப் பெயர்கள் குடத்துக்குள் போயின என்பதே முதன்மையான கேள்வி.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இந்தக் கேள்வி கோயில் வாசலில் எழுந்தது. 1897 மே மாதம் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்ததை எதிர்த்து இராமநாதபுரம் ஜமீன்தார் பாஸ்கர சேதுபதி வழக்குத் தொடுத்தார். 1899-இல் மதுரையில் வந்த தீர்ப்பும், அதன்பின் சென்னை உயர்நீதிமன்றத் தீர்ப்பும், 1908-இல் இலண்டன் பிரிவி கவுன்சில் தீர்ப்பும் நாடார்களுக்கு எதிராகவே அமைந்தன. நெடுநாள் ‘வழக்கம்’ எது என்பதே அத்தீர்ப்புகளின் அடிப்படை. வழக்கம் என்பது பெரும்பாலும் வலுத்தவர்கள் பலகாலம் செய்துவந்தது என்பதால், விலக்கப்பட்டவரின் இசைவை எந்த மன்றமும் கேட்கவில்லை. இடையே 1899 ஜூன் மாதம் சிவகாசி தாக்கப்பட்டு, வீடுகள் எரிந்து, உயிர்கள் பலியாயின. அக்காலத்தில் விருதுபட்டி எனப்பட்ட விருதுநகரின் நாடார் வணிகர்கள் இந்த நிலைக்குத் தந்த விடை வேறுவகையானது. சரக்கு விற்பனையில் ஒரு சிறு பங்கைப் பொது நிதிக்கு எடுத்துவைக்கும் மகமையையும், அந்நிதியை ஆளும் உறவின்முறையையும் கொண்டு அவர்கள் பள்ளிகளை எழுப்பினர். காமராசர் படித்த க்ஷத்திரிய வித்தியாசாலை அவற்றுள் ஒன்று. உரிமை மறுக்கப்பட்ட ஒரு சமூகம் தன் பிழைப்பை மறுத்தவரின் கையிலிருந்து முதலில் மீட்டுக்கொண்டது என்பது இங்கே கவனிக்கத்தக்கது. பிற்பகுதி வரலாற்றைப் புரிந்துகொள்ள இது திறவுகோலாகும்.

அரசியலில் பிரதிநிதித்துவம் என்ற கருத்து வந்தபோது, சிறுபான்மை என்றால் எண்ணிக்கையில் குறைந்தவர் என்ற எளிய இலக்கணம் சென்னை மாகாணத்தில் முதலிலேயே உடைந்தது. 1920-இல் மெஸ்டன் பிரபு அளித்த முடிவின்படி, மாகாணச் சட்டமன்றத்தின் 65 பொது இடங்களில் 28 பிராமணரல்லாதாருக்கு ஒதுக்கப்பட்டன. மக்கள்தொகையில் மிகப் பெரும்பான்மையினரான ஒரு பிரிவு ஒதுக்கீடு கேட்டுப் பெற்றது, எண்ணிக்கையும் அதிகாரமும் ஒன்றல்ல என்பதை ஆவணமாகவே நிறுவியது. சிறுபான்மை என்பதை ‘முடிவெடுக்கும் இடத்தில் குறைந்தவர்’ என்று கொள்வதே பொருத்தம்.

ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கு இந்த இரண்டு குறைகளும் சேர்ந்தே இருந்தன. மாகாணம் முழுவதும் சிதறி, ஏறக்குறைய ஒவ்வோர் ஊரிலும் அவர்கள் எண்ணிக்கையிலும் குறைந்தவர்கள், அதிகாரத்திலும் குறைந்தவர்கள். வட்டமேசை மாநாடுகளில் அம்பேத்கரும் இரட்டைமலை சீனிவாசனும் அவர்கள் சார்பில் வாதாடினர். 1932 ஆகஸ்டில் பிரிட்டிஷ் அரசு அறிவித்த வகுப்புவாரித் தீர்ப்பு அவர்களுக்குத் தனித்தொகுதி முறையை, அதாவது தம் பிரதிநிதியைத் தாமே, பிறர் வாக்கின் குறுக்கீடின்றித் தேர்ந்தெடுக்கும் உரிமையை வழங்கியது. காந்தியடிகள் அதை எதிர்த்து எரவாடா சிறையில் உண்ணாநோன்பிருந்தார். செப்டம்பர் 24 அன்று கையெழுத்தான புனா ஒப்பந்தம் தனித்தொகுதியைக் கைவிட்டு, கூட்டுத் தொகுதியில் ஒதுக்கப்பட்ட இடங்களை ஏற்றது. மாகாணங்கள் அனைத்திலும் சேர்த்து 148 இடங்கள். சென்னைக்கு மட்டும் 30. வேட்பாளர் ஒடுக்கப்பட்ட வகுப்பைச் சேர்ந்தவராக இருக்க வேண்டும், ஆனால் வாக்கைத் தொகுதியிலுள்ள எல்லாரும் போடுவர் என்பதே கூட்டுத் தொகுதியின் பொருள். இருக்கை சிறுபான்மைக்கு, சாவி பெரும்பான்மைக்கு என்ற இந்த அமைப்பின் பலவீனத்தை ஒப்பந்தம் செய்தவர்களும் உணர்ந்திருந்தார்கள். ஒடுக்கப்பட்ட வகுப்பு வாக்காளர்கள் மட்டும் முதற்கட்டத்தில் நான்கு பேரைத் தேர்ந்தெடுத்து, அந்த நால்வருள் ஒருவரைப் பொதுவாக்காளர் தேர்வுசெய்யும் இரண்டடுக்கு முறையைப் பத்தாண்டுகளுக்கு ஏற்படுத்தியது அதனால்தான்.

அரசியல் நிர்ணய சபையில் இந்தப் பாதுகாப்பும் நழுவியது. 1947 ஆகஸ்டில் நடந்த விவாதத்தில் சென்னை மாகாணத்து உறுப்பினர் இருவரின் குரல் தனித்து ஒலிக்கிறது. பி. போக்கர் சாகிப் முஸ்லிம்களுக்குத் தனித்தொகுதி தொடர வேண்டுமென்று கோரினார்; அது தோற்றது. எஸ். நாகப்பா, ஒதுக்கப்பட்ட இடத்தில் வெற்றிபெறும் பட்டியல் சாதி வேட்பாளர் தம் சமூகத்தவர் வாக்குகளில் 35 விழுக்காட்டையாவது பெற்றிருக்க வேண்டும் என்று திருத்தம் கொண்டுவந்து, பின்னர் திரும்பப் பெற்றுக்கொண்டார். நாட்டுப் பிரிவினையின் இரத்தம் காயாத அந்த வாரங்களில், வாக்காளர்களைப் பிரிக்கும் எந்த யோசனைக்கும் செவிசாய்க்கச் சபை அணியமாக இல்லை. நாகப்பாவின் திருத்தம் ஏற்கப்பட்டிருந்தால் பிற்கால வரலாற்றில் பல பக்கங்கள் வேறுவிதமாக எழுதப்பட்டிருக்கும் என்று கருத இடமுண்டு. 1948 நவம்பர் 4 அன்று அரசமைப்பு வரைவை முன்வைத்து ஆற்றிய உரையில் அம்பேத்கர், இந்தியாவின் பெரும்பான்மை அரசியல் கருத்தால் அமைந்ததன்று, வகுப்பால் அமைந்தது என்பதைச் சுட்டிக்காட்டியதோடு, கிராமத்தைக் குடியரசின் அடிப்படை அலகாகப் போற்றுவதையும் கடுமையாக மறுத்தார்.

எண்ணிக்கையை மட்டும் நம்பிய அரசமைப்பு எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்கு இலங்கை அண்டையிலேயே சான்றாக நின்றது. சோல்பரி அரசமைப்பின் 29(2) பிரிவு எந்த இனத்தையும் மதத்தையும் பாதிக்கும் சட்டம் இயற்றக் கூடாதென்று தடுத்தது. அது நடைமுறையில் இருந்தபோதே 1956-இல் சிங்களம் மட்டும் சட்டம் நாடாளுமன்றப் பெரும்பான்மையால் நிறைவேறியது. 1972 அரசமைப்பு அந்தப் பிரிவையே நீக்கிவிட்டது.

இந்தியாவில் ஒதுக்கீடு சட்டமன்ற, நாடாளுமன்ற அளவில் நடைமுறையானபோது ஊர்கள் பெரிதாகக் கலங்கவில்லை. தொகுதி பெரியது, வென்றவர் தொலைவில் இருப்பவர். 1993-இல் நடைமுறைக்கு வந்த 73-ஆவது திருத்தமும், அதையொட்டிய 1994-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டமும் ஊராட்சித் தலைவர் பதவியை மக்கள்தொகை விகிதப்படி பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கி, தனி ஊராட்சிகளை உருவாக்கியபோதுதான் கேள்வி ஊருக்குள் வந்தது. ஊரக வாக்காளர் ஒருவர் கையில் நான்கு நிறங்களில் சீட்டுகள் தரப்படும். ஒன்றியத்துக்குப் பச்சை, மாவட்டத்துக்கு மஞ்சள், ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, வார்டு உறுப்பினருக்கு வெள்ளை. 1996-இல் தொடங்கிய பூசல் முழுவதும் அந்த இளஞ்சிவப்புச் சீட்டைச் சுற்றியே நடந்தது.

மதுரை மாவட்டம் மேலவளவில் ஒதுக்கப்பட்ட தலைவர் பதவிக்கான தேர்தலை நடத்தவிடாமல் தடுத்தும், 1996 டிசம்பர் இறுதியில் காவல்துறைப் பாதுகாப்புடன் தேர்தல் நடந்து முருகேசன் தலைவரானார். 1997 ஜூன் 30 அன்று அவரும் அவரைச் சேர்ந்த ஐவரும் வெட்டிக் கொல்லப்பட்டனர். 2001-இல் விசாரணை நீதிமன்றம் 17 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது.

மதுரை மாவட்டத்துப் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம் ஆகியவற்றிலும் விருதுநகர் மாவட்டத்துக் கொட்டக்கச்சியேந்தலிலும் அரிவாள் தேவைப்படவில்லை. ஏந்தல் என்பது மழைநீரைத் தேக்கும் சிறு நீர்நிலை. அதை நம்பிய மானாவாரி ஊர்களில் நிலம் யார் கையில் இருக்கிறதோ அவர் சொல்லே கட்டளை. ஊர்க்கூட்டம் கூடி, தலைவர் பதவிக்கு யாரும் மனுத் தாக்கல் செய்யக் கூடாதென்று முடிவெடுக்கும். மீறுபவருக்கு ஊர்க்கட்டுப்பாடு: காட்டு வேலை கிடையாது, கடையில் பொருள் கிடையாது, பொதுப் பாதையில் நடமாட்டம் கிடையாது. பட்டியல் சாதியினர் யாரும் மனுச் செய்யாததால் தேர்தல் தள்ளிப்போகும்; மீண்டும் அறிவிக்கப்படும்; மீண்டும் தள்ளிப்போகும். வெளியிலிருந்து எழுந்த அழுத்தத்தால் தேர்தல் நடந்தாக வேண்டும் என்ற நிலை வந்தபோது ஊரே ஒருவரை நிறுத்தி வெல்லவைக்க, அவர் பதவியேற்ற சூட்டோடு விலகல் கடிதம் கொடுப்பார். சட்டத்தின் எழுத்து ஒன்றும் மீறப்படவில்லை. வாக்கு எண்ணிக்கை சரி, பெரும்பான்மை சரி, விலகல் கடிதத்தில் கையொப்பமும் சரி. இவ்வாறு பத்தாண்டுகள் கழிந்தன. ஊரே வேண்டாம் என்னும்போது ஒதுக்கீட்டைத் திணிப்பது மக்களாட்சியா என்ற கேள்வி அங்கே திரும்பத் திரும்ப எழுப்பப்பட்டது. அக்கேள்வியில் வந்த ‘ஊர்’ தன்னுள் சேரியை எண்ணவில்லை என்பதே அதற்கு விடை. 1932-இல் சாவி யார் கையில் இருக்கிறது என்று அம்பேத்கர் கொண்ட அச்சம், அறுபதாண்டு கழித்து இந்த நான்கு ஊர்களில் எழுத்துக்கு எழுத்து உண்மையாயிற்று.

ஒதுக்கீடு பெரும்பான்மையின் தேர்வுரிமையைக் குறுக்குகிறது என்ற மறுப்பு முற்றும் ஒதுக்கத்தக்கதன்று. ஒரு குறிப்பிட்ட காலத்துக்கு, ஒரு குறிப்பிட்ட பதவிக்கு அது உண்மையே. ஆயினும் ஒதுக்கீடு சுழற்சியில் மாறுவது. வாக்கு எல்லாருக்கும் உள்ளது. தலைவர் யாராயினும் ஊராட்சிமன்றத் தீர்மானம் உறுப்பினர்களின் பெரும்பான்மையால்தான் நிறைவேறும். குறுக்கப்படுவது முடிவெடுக்கும் உரிமையன்று, பிறரை விலக்கும் உரிமை.

ஊர்க்கட்டுப்பாட்டின் வலு எங்கிருந்து வருகிறது என்பதை விருதுநகர் மாவட்டத்துக்குள்ளேயே ஒப்பிட்டு அறியலாம். விருதுநகரை ஒட்டிய சூலக்கரையில் தொழிற்பேட்டை இருக்கிறது. சிவகாசி, சாத்தூர் வட்டாரங்களில் தீப்பெட்டி, பட்டாசு, அச்சகத் தொழில்கள் இருக்கின்றன. ஆலைக்கும் அச்சகத்துக்கும் போய் வாரக்கூலி வாங்குபவரை, ‘நாளை முதல் காட்டு வேலை இல்லை’ என்ற சொல் அவ்வளவாக அச்சுறுத்தாது. அத்தொழில்களின் கொடுமைகள் தனியே பேச வேண்டியவை. விபத்தில் கருகிய உயிர்களுக்கு யாரும் விலை சொல்ல முடியாது. எனினும், அன்று விருதுபட்டி வணிகர் மகமையால் தேடிக்கொண்ட அதே விடுதலையின் ஒரு சிறு பங்கு இந்தக் கூலியிலும் இருக்கிறது. மறுத்துச் சொல்லும் உரிமை, மறுத்த பின்னும் அடுப்பு எரியும் என்ற உறுதியின்றி நிலைப்பதில்லை.

2006 அக்டோபரில் நான்கு ஊராட்சிகளிலும் தேர்தல் நடந்தது. வென்றவர்கள் இம்முறை விலகவில்லை. ஊர்ப் பெரியவர்களிடம் திரும்பத் திரும்பப் பேசியதும், அரசு தன் முடிவிலிருந்து இறங்காது என்பது உறுதியானதும் சேர்ந்தே இதைச் சாத்தியமாக்கின. அப்போது மதுரை மாவட்ட ஆட்சியராக இருந்த த. உதயச்சந்திரனின் பங்கு இதில் குறிப்பிடத்தக்கது. புதிய தலைவர்கள் நால்வரையும் அழைத்து, அன்றைய முதல்வர் மு. கருணாநிதி தலைமையில் சென்னையில் சமத்துவப் பெருவிழா நடத்தப்பட்டது. 2021 அக்டோபர் 2 அன்று முதல்வர் மு.க. ஸ்டாலின் கிராமசபைக் கூட்டத்துக்குத் தேர்ந்துகொண்ட ஊர் பாப்பாபட்டி.

நாற்காலி கிடைத்த பின்னும் பெரும்பான்மையின் சாவி வேறு பூட்டுகளில் திரும்புகிறது. ஊராட்சிக் காசோலையில் தலைவரோடு துணைத்தலைவரும் கையொப்பமிட வேண்டும். வார்டு உறுப்பினர்களின் பெரும்பான்மையால் வரும் துணைத்தலைவர் பேனாவை எடுக்க மறுத்தால், தெருவிளக்குக்குப் பல்புகூட வாங்க முடியாது. ஊழலைத் தடுக்க வந்த விதி தனி ஊராட்சித் தலைவரைக் கட்டிப்போடும் கயிறாகவும் பயன்படுகிறது. கிராமசபைக்கு மக்கள்தொகைக்கு ஏற்ப 50 முதல் 300 பேர் வரை வர வேண்டுமென்று குறைவெண் விதி இருக்கிறது. வந்தவர்களுள் காலனியைச் சேர்ந்தோர் எத்தனை பேர் என்பதும் எண்ணப்பட வேண்டும். 

பூட்டு காசோலையோடு நிற்கவில்லை. 2022 ஆகஸ்டில், விடுதலை நாளுக்குச் சில நாள் முன்பு, தலைமைச் செயலாளர் வெ. இறையன்பு மாவட்ட ஆட்சியர்கள் அனைவருக்கும் ஒரு கடிதம் அனுப்பினார். சாதிப் பாகுபாடு ஏதுமின்றி ஊராட்சித் தலைவர்களே தேசியக் கொடியை ஏற்றுவதை ஆட்சியர்கள் உறுதிசெய்ய வேண்டும் என்பது அக்கடிதத்தின் செய்தி.