ஜொவான்னி கிராஸ்ஸோ: பொம்மை மேடையிலிருந்து திரைக்கு

சிசிலித் தீவின் கிழக்குக் கரையில், எத்னா எரிமலையின் அடிவாரத்தில் உள்ள கத்தானியா நகரில் 1873 டிசம்பரில் பிறந்தவர் ஜொவான்னி கிராஸ்ஸோ. பாட்டனார் பொம்மலாட்டக்காரர், அவர் பெயரும் ஜொவான்னி கிராஸ்ஸோதான். தந்தை ஆஞ்செலோவுக்கும் அதுவே தொழில். இருபதாம் நூற்றாண்டின் முதல் பத்தாண்டில் பாரிஸ், லண்டன், ரஷ்ய நகரங்கள் என்று ஐரோப்பிய மேடைகளை உலுக்கிய இந்த நடிகர் நாடகப் பள்ளி எதிலும் படித்தவர் அல்லர். பல்கலைக்கழகச் சதுக்கத்து மாளிகை ஒன்றின் அடித்தளத்தில் குடும்பம் நடத்திவந்த மாக்கியவெல்லி என்ற சிறிய அரங்குதான் அவருக்குப் பள்ளிக்கூடம்.

அந்த அரங்கில் நடந்த பொம்மலாட்டம் எப்படிப்பட்டது என்று தெரிந்துகொண்டால்தான் கிராஸ்ஸோவின் நடிப்பு விளங்கும். சார்லமேன் பேரரசரின் வீரர்களான ஒர்லாந்தோ, ரினால்தோ ஆகியோரின் கதைகளைச் சிசிலிப் பொம்மலாட்டக்காரர்கள் இரவுக்கு ஒரு பகுதியாக மாதக்கணக்கில் நடத்துவார்கள். மேற்கே பலெர்மோவில் பொம்மைகள் மூன்றடி உயரத்துக்குள் அடங்கும், முழங்கால் மடங்கும், வாளை உறையிலிருந்து உருவவும் திரும்பச் செருகவும் முடியும். கத்தானியாவின் பொம்மை நான்கடிக்கும் மேல். உலோகக் கவசத்தோடு முப்பது கிலோ வரை எடை வரும். முழங்கால் மடங்காது, வாள் எப்போதும் கைப்பிடியிலேயே இருக்கும். திரைச்சீலைக்குப் பின்னால் உயர்ந்த மரப்பலகையில் நின்று இரும்புக் கம்பியால் அதை ஆட்டுபவர் ஒருவர், ஓரத்தில் நின்று குரல் கொடுப்பவர் வேறொருவர்.

இவ்வளவு கனமான உருவத்தால் மென்மையான சைகை எதுவும் செய்ய முடியாது. அசையாமல் நிற்கும், மெல்லத் திரும்பும், பிறகு ஒரே வீச்சில் பாயும். கோபமும் துக்கமும் முகத்தில் தெரியப்போவதில்லை என்பதால் முழு உடலின் சாய்வும் வேகமும்தான் அவற்றைச் சொல்ல வேண்டும். பார்க்க வந்தவர்கள் சுமை தூக்குபவர்கள், மீனவர்கள், கைவினைஞர்கள். துரோகி கானோ மேடையில் தோன்றினால் வசவு பொழிபவர்கள். அவர்களை அமைதியாக உட்கார வைப்பதே பெரிய வித்தை.

தந்தைக்குப் பிறகு அரங்கு இளைஞர் ஜொவான்னியின் கைக்கு வந்தபோது, பொம்மைகளோடு மனிதர் நடிக்கும் நாடகங்களும் அங்கே நடந்துவந்தன. பின்னாளில் சிசிலியின் பெரிய நகைச்சுவை நடிகராக ஆன ஆஞ்செலோ மூஸ்கோவும் அதே அரங்கில் வளர்ந்தவர். ஷேக்ஸ்பியர் பாத்திரங்களுக்குப் பேர்போன இத்தாலிய நடிகர் எர்னெஸ்தோ ரொஸ்ஸி கத்தானியாவுக்கு வந்தபோது கிராஸ்ஸோவைப் பார்த்து, முழுநேர நடிகராகும்படி ஊக்கமூட்டினார். ரொஸ்ஸி 1896இல் இறந்தார். அதற்குள் கிராஸ்ஸோவின் மனம் பொம்மையைவிட்டு மேடைக்குத் திரும்பியிருந்தது.

அவரைத் தீவுக்கு வெளியே கொண்டுசென்றவர் நீனோ மார்த்தோலியோ. கத்தானியாவுக்கு அருகே பெல்பாஸ்ஸோவில் 1870இல் பிறந்தவர். வட்டார மொழிக் கவிஞர், நையாண்டிப் பத்திரிகை ஆசிரியர், நாடகாசிரியர். சிசிலிய மொழியிலேயே நடிக்கும் தொழில்முறைக் குழு ஒன்றை அமைத்து, 1903இல் மிலான் நகரின் மான்சோனி அரங்கில் அதை அறிமுகப்படுத்தினார். இது துணிச்சலான காரியம். இத்தாலி ஒரே நாடாகி அப்போது நாற்பது ஆண்டுகளே ஆகியிருந்தன. மிலான்காரருக்குச் சிசிலியப் பேச்சு பாதிகூடப் புரியாது. நடிகரின் உடலைப் பார்த்தே கதையைப் பின்தொடர வேண்டிய நிலை. வேறு நடிகர்களுக்கு இது தடையாக இருந்திருக்கும். கம்பியில் ஆடும் பொம்மைகளோடு வளர்ந்த கிராஸ்ஸோவுக்கு அதுவே அனுகூலமானது.

குழுவின் நாடகங்கள் பெரும்பாலும் ஏழைகளின் வாழ்வைச் சொன்ன அக்கால யதார்த்த இலக்கியத்திலிருந்து வந்தவை. ஜொவான்னி வெர்காவின் ‘கவல்லேரியா ருஸ்திகானா’, லுயிஜி கபுவானாவின் ‘மாலியா’, கந்தகச் சுரங்கத் தொழிலாளர்களைப் பற்றி ஜூஸ்தி சினோப்பொலி எழுதிய ‘லா சோல்ஃபாரா’ ஆகியவை அவற்றுள் முக்கியமானவை. தன்னுன்சியோவின் ‘யோரியோவின் மகள்’ நாடகத்தை 1904இல் எழுத்தாளர் போர்ஜேசே சிசிலிய மொழிக்கு மாற்றிக் கொடுக்க, அதையும் நடித்தார்கள். ஆண் பாத்திரங்களில் கிராஸ்ஸோ எப்படியோ, பெண் பாத்திரங்களில் அப்படி மிமி அகூலியா. தனி இயக்குநர் என்ற வேலை அன்றைய இத்தாலிய மேடையில் இல்லை. குழுத்தலைவரான முதன்மை நடிகரே நாடகத்தைத் தேர்ந்தெடுத்து, பாத்திரங்களைப் பங்கிட்டு, ஒத்திகை நடத்தி, சம்பளமும் கொடுப்பார். மார்த்தோலியோவிடமிருந்து பிரிந்த பிறகு கிராஸ்ஸோ அந்தப் பொறுப்பு முழுவதையும் தானே சுமந்தார்.

1907 முதல் குழுவின் பயணங்கள் நீண்டன: ஸ்பெயின், தென் அமெரிக்கா, 1908இல் பாரிஸ், லண்டன், அதன்பின் ரஷ்யா. எல்லா ஊர்களிலும் பேச்சுப் பொருளானது ஒரே நாடகம், ‘ஃபெயுதாலிஸ்மோ’. கத்தலான் நாடகாசிரியர் ஆஞ்செல் கிமேரா எழுதிய ‘தெர்ரா பாஷா’வின் சிசிலிய வடிவம் அது. மலையில் ஆடு மேய்த்துத் தனியாக வாழ்ந்த ஒருவனைக் கீழே வரவழைத்து, பண்ணையார் தன் ஆசைநாயகியை அவனுக்குக் கட்டிவைக்கிறார். உறவை மட்டும் விடுவதில்லை. உண்மை தெரிந்த மேய்ப்பன், ஆட்டைத் தின்ன வந்த ஓநாயைக் கொல்வதுபோல் அவரைக் கொல்கிறான். கிராஸ்ஸோ அந்த இடத்தில் எதிராளியின் மேல் பாய்ந்து குரல்வளையைக் கடிப்பார். ஒதெஸ்ஸாவில் வளர்ந்த எழுத்தாளர் இஸாக் பாபெல், கிராஸ்ஸோவின் பெயரையே தலைப்பாக வைத்து 1937இல் வெளியிட்ட சிறுகதையில், ஒரு நகரத்தையே ஒரே இரவில் மாற்றிவிடுவது அந்தப் பாய்ச்சல்தான்.

அதைக் காட்டு மனிதனின் வெறி என்று வியந்தவர்கள் பலர். ரஷ்ய இயக்குநர் மேயர்ஹோல்ட் வேறொன்றைக் கண்டார். நடிகனின் உடலைக் கணக்கோடு பயிற்றுவிக்கும் ‘பயோமெக்கானிக்ஸ்’ முறையை அவர் பிற்காலத்தில் வகுத்தபோது, அதன் சில விதிகள் கிராஸ்ஸோவின் நடிப்பைப் பார்த்ததிலிருந்து தமக்குப் புலப்பட்டதாகச் சொன்னார். இரண்டு பார்வைகளில் மேயர்ஹோல்டின் பார்வையே உண்மைக்கு அருகில் இருக்கிறது. எதிரே நிற்கும் சக நடிகருக்குக் காயம் படாமல், ஊர் ஊராக, இரவுக்கு இரவு ஒரே பாய்ச்சலைப் பாய்வது வெறியால் முடிகிற வேலையில்லை. நின்று, நிதானித்து, ஒரே வீச்சில் வெடிக்கும் அந்த முறை கத்தானியாப் பொம்மைகளுக்கு உரியது.

சொந்தத் தீவிலிருந்தே எதிர்ப்பும் வந்தது. 1909இல் எழுத்தாளர் லுயிஜி பிராண்டெல்லோ, இதைச் சிசிலிய நாடகம் என்று அழைக்கலாமா என்ற கேள்வியையே தலைப்பாக்கி ஒரு கட்டுரை எழுதினார். ரத்தமும் கத்தியும் கூச்சலும்தான் சிசிலி என்று வெளியூர் நினைப்பதற்கு இந்தக் குழுவே தீனி போடுகிறது என்பது அவருடைய குறை. அதில் நியாயம் உண்டு. புகழ் பெருகப் பெருக, எந்த ஊர் எதைக் கேட்டதோ அதையே கிராஸ்ஸோ அதிகமாகக் கொடுத்தார். புதிய நாடகங்கள் குறைந்தன. அந்தப் பிராண்டெல்லோவின் ஆரம்ப ஓரங்க நாடகங்களை 1910இல் ரோமில் முதன்முதலாக மேடையேற்றியவர் மார்த்தோலியோதான் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஆறு ஆண்டுகள் கழித்து, ‘லியொலா’ நாடகத்தைப் பிராண்டெல்லோ சிசிலிய மொழியிலேயே எழுதினார். நடித்தவர் மூஸ்கோ. கிராஸ்ஸோவின் நிழலிலிருந்து விலகித் தனிக்குழு அமைத்து, மார்த்தோலியோவின் நகைச்சுவை நாடகங்களால் மூஸ்கோ அதற்குள் பெயர் பெற்றிருந்தார்.

திரைப்படத்துக்குக் கிராஸ்ஸோவை அழைத்தவரும் மார்த்தோலியோவே. 1914இல் ரோமில் ‘மோர்கானா ஃபிலிம்’ நிறுவனத்தைத் தொடங்கி, ‘கப்பித்தான் பிளாங்கோ’, ‘ஸ்பெர்தூத்தி நெல் பூயோ’ என்ற இரு படங்களில் அவரை நடிக்க வைத்தார். இரண்டாவது, ரொபெர்த்தோ பிராக்கோவின் நாடகத்தைத் தழுவியது. நேப்பிள்ஸ் நகரின் சேரியில் கண்பார்வையற்ற இசைக் கலைஞன் நுன்சியோ. அவனிடம் அடைக்கலம் புகும் ஏழைப் பெண் பவோலினா. பெரிய பிரபு ஒருவர் கைவிட்ட மகள் அவள். மாளிகையின் விருந்தையும் சேரியின் இருட்டையும் மாறிமாறிக் காட்டியபடி படம் நகர்கிறது. வரலாற்றுக் காவியங்களும் சீமாட்டிகளின் காதல் கதைகளும் ஆட்சி செய்த இத்தாலியத் திரையில் உண்மையான தெருக்களும் கிழிந்த துணியும் அபூர்வம். நுன்சியோவாகக் கிராஸ்ஸோ பாயவில்லை, கடிக்கவில்லை. கண்ணில்லாதவன் தடவித் தடவி நடக்கும் நடையில் பாத்திரத்தைக் கட்டினார். அடுத்த ஆண்டு மார்த்தோலியோ, மூத்த நடிகை ஜச்சிந்தா பெஸ்ஸானாவைக் கொண்டு எமிலி ஸோலாவின் ‘தெரேஸ் ரக்கான்’ கதையைப் படமாக்கினார். அத்தோடு மார்த்தோலியோவின் திரைப்பணி நின்றது. 1921இல் கத்தானியா மருத்துவமனை ஒன்றின் லிப்ட் குழியில் விழுந்து அவர் இறந்தார்.

கிராஸ்ஸோ மேடைக்கே திரும்பினார். 1920களில் நியூயார்க்கின் இத்தாலியக் குடியேறிகள் முன் அவர் நடித்தபோது பார்வையாளர்களிடையே இளைஞர் லீ ஸ்ட்ராஸ்பெர்க் இருந்தார். பின்னாளில் அமெரிக்க நடிகர்களின் ஆசானாக ஆன ஸ்ட்ராஸ்பெர்க், தம்மைப் பாதித்தவர்களின் பட்டியலில் இத்தாலிய நடிகை எலெயோனோரா தூஸேயோடு கிராஸ்ஸோவின் பெயரையும் சேர்த்தார். மேயர்ஹோல்டுக்கு வெளி அசைவும் ஸ்ட்ராஸ்பெர்க்குக்கு உள்ளுணர்வும் முக்கியம். எதிரெதிர் முறைகளை வகுத்த இருவரும் ஒரே நடிகரைச் சான்றாகக் காட்டியது நடிப்பு வரலாற்றின் வேடிக்கைகளில் ஒன்று. கிராஸ்ஸோ 1930இல் கத்தானியாவில் காலமானார்.

‘ஸ்பெர்தூத்தி நெல் பூயோ’வின் பிரதி ரோமில் உள்ள திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் இருந்தது. அங்கே கற்பித்த உம்பெர்த்தோ பார்பரோ அதை மாணவர்களுக்குத் திரையிட்டு, இத்தாலியத் திரைக்கு வேறொரு மரபும் உண்டு என்று வாதாடினார். ஏழைகளின் வாழ்வை உண்மையான தெருக்களில் படமாக்கிய நியோரியலிச இயக்கம் அந்த மாணவர் வட்டத்தையும் தொட்டு எழுந்தது. 1943இல் ரோமைப் பிடித்த ஜெர்மானியப் படை நிறுவனத்தின் படச்சுருள்களை எடுத்துச் சென்றபோது இதுவும் போனது, திரும்பவில்லை. சில நிழற்படங்களும் காட்சிக் குறிப்புகளும் மட்டுமே மிஞ்சின. 1947இல் கமில்லோ மாஸ்த்ரொசின்குவே அதே கதையை மீண்டும் படமாக்க, நுன்சியோவாக வித்தோரியோ தெ சிகா நடித்தார். கிராஸ்ஸோவின் திரைவாழ்வை ஆராய்பவர்களுக்கு இன்னொரு தொல்லையும் உண்டு. அதே பெயரில் இளைய உறவினர் ஒருவரும் நடிகர். பட்டியல்களில் இருவரின் படங்களும் கலந்துகிடக்கின்றன.

கிராஸ்ஸோ ஊர் ஊராகக் கொண்டுசென்ற சிசிலிய மொழி நாடகத்துக்கு நிலையான நிறுவனம் அமைய 1958 ஆனது. மாரியோ ஜூஸ்தியும் நடிகர் தூரி ஃபெர்ரோவும் அந்த ஆண்டு கத்தானியாவில் தொடங்கிய குழு, நகரின் பொது அரங்கமாக வளர்ந்தது. வெர்கா, மார்த்தோலியோ, பிராண்டெல்லோ நாடகங்களை அது தொடர்ந்து நடத்தியது. ஃபெர்ரோ அந்த மேடையை விடாமலே 1970களில் லீனா வெர்ட்முல்லர் போன்றோரின் படங்களிலும் நடித்தார்.