ஒற்றி முதல் மாதத் தவணை வரை: கொங்கு நாட்டில் வீட்டடமானத்தின் விலை

அடமானம் என்ற சொல் வழக்குக்கு வருவதற்கு நெடுங்காலம் முன்பே தமிழில் ஒற்றி என்ற சொல் இருந்தது. பேச்சு வழக்கில் அது ஒத்தி ஆயிற்று. கொங்கு நாட்டில் காட்டை ஒத்திக்கு விடுவதும் வீட்டைப் போக்கியத்துக்கு விடுவதும் இன்றும் கேட்கும் பேச்சுகளே. இந்த ஏற்பாட்டில் வட்டி என்ற சொல் பத்திரத்தில் இடம்பெறுவதில்லை. பணம் கொடுத்தவர் நிலத்தை உழுது விளைச்சலை எடுத்துக்கொள்வார். வீடாயின் அதில் குடியிருப்பார். வாங்கிய தொகையை அப்படியே திருப்பிக் கொடுக்கும் நாளில் சொத்து மீளும். கேட்பதற்கு மிக எளிய உடன்பாடாகவே தோன்றும். ஆனால் கடனின் விலை எவ்வளவு என்று பத்திரத்தைப் படித்து எவராலும் சொல்ல இயலாது. அந்த விலை ஆண்டுதோறும் விளைச்சலாகக் களத்திலிருந்து போய்க்கொண்டிருந்தது. எத்தனை ஆண்டுகள் போகும் என்பதும் எழுதப்படவில்லை.

வீட்டடமானத்தின் உண்மையான விலையை ஆராயப் புகும் நாம் வட்டி விகிதத்திலிருந்து தொடங்காமல் இந்த ஒற்றியிலிருந்து தொடங்குவதற்குக் காரணம் உண்டு. விகிதம் ஓர் ஆண்டுக்கு உரிய அளவு மட்டுமே. கடன் வாங்கியவர் இறுதியில் கொடுத்து முடிக்கும் தொகையை முடிவு செய்வது காலம்.

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் நாட்டில் வழங்கிவந்த அடமான வகைகளைப் பெயரிட்டு வரிசைப்படுத்தியது. நம் ஒற்றி அதில் சுவாதீன அடமானம் ஆயிற்று. மற்றொரு வகை நிபந்தனைக் கிரயம்: சொத்தை விற்றதாகவே பத்திரம் எழுதி, குறித்த காலத்துக்குள் பணம் திரும்பினால் சொத்தும் திரும்பும் என்று உடன்படுவது. இதே வடிவத்தை மத்திய ஆசியாவின் ஹனஃபி சட்ட அறிஞர்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே விவாதித்தார்கள் என்பது நம் வாசகர்களுக்கு ஆர்வமூட்டும் செய்தி. புகாரா, சமர்கந்து பகுதிகளில் பரவியிருந்த அந்த வழக்கத்துக்குப் பைஉல் வஃபா என்று பெயர். அது விற்பனையா, அடமானமா என்று அவர்களுக்குள் கருத்து வேறுபாடு எழுந்தது. உதுமானிய அரசு 1869க்கும் 1876க்கும் இடையே தொகுத்த மஜல்லா சட்டத்தொகுப்பும் இதற்கு இலக்கணம் கூறி இடம் கொடுத்தது. இந்தியச் சட்டமோ 1929இல் ஒரு திருத்தம் கொண்டுவந்தது. மீட்கும் நிபந்தனை அதே கிரயப் பத்திரத்திலேயே எழுதப்பட்டிருந்தால்தான் அது அடமானமாகக் கருதப்படும். கடனுக்குப் பிணையாகக் கிரயம் எழுதிக்கொடுத்துவிட்டு, மீட்கும் உறுதியை வாய்மொழியாக மட்டும் பெற்றுக்கொண்ட குடும்பங்கள் வீட்டையே இழந்தது இந்த இடத்தில்தான்.

கொங்கு நாட்டுக் கடனைப் பற்றிப் பேசும்போது பிரெடரிக் நிக்கல்சனைக் குறிப்பிடாமல் இருக்க முடியாது. 1887இல் கோயம்புத்தூர் மாவட்டக் கையேட்டைத் தொகுத்த ஆங்கிலேய அதிகாரி அவர். மழை குறைந்த இந்த மண்ணில் கிணறே உயிர். பாறையை உடைத்துக் கிணறு வெட்டவும், கவலை இறைக்க மாடு வாங்கவும் உழவர் கடன்பட்டே ஆகவேண்டியிருந்தது. நிலத்துக்கான கடன் வங்கிகளைச் சென்னை மாகாணத்தில் ஏற்படுத்தக்கூடுமா என்று ஆராயும் பணி பின்னர் அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவருடைய அறிக்கை 1895இலும் 1897இலும் இரு தொகுதிகளாக வெளிவந்தது. மாகாணத்தின் ஊரகக் கடன் 45 கோடி ரூபாய் என்று அவர் மதிப்பிட்டார். ஜெர்மனியில் ரைஃபைசன் வளர்த்த கிராமக் கடன் சங்கங்களே வழி என்று அவர் கூறியதன் விளைவுகளுள் ஒன்று, 1904ஆம் ஆண்டின் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம். கோவையில் அவ்வியக்கத்தை வளர்த்தவர்களுள் முதன்மையானவர் டி.ஏ. இராமலிங்கம் செட்டியார். நீண்டகால அடமானக் கடனுக்கென்றே சென்னையில் 1929இல் மத்திய நில அடமான வங்கி தோன்றியது.

அதே ஆண்டில் உலகப் பொருளாதார மந்தம் தொடங்கிற்று. பருத்தி விலையும் நெல் விலையும் சரிந்தன. கடன் பத்திரத்தில் எழுதிய ரூபாய் மட்டும் சரியவில்லை. நூறு ரூபாய்க் கடனை அடைக்க முன்பு விற்ற பருத்தியைப் போல ஏறத்தாழ இரு மடங்கு விற்கவேண்டிய நிலை வந்தது. வட்டி விகிதம் ஒரு காசும் உயராமலே கடனின் விலை இரட்டிப்பானது. 1935இல் சத்தியநாதன் அளித்த அறிக்கை மாகாணத்தின் விவசாயக் கடனை 204 கோடி ரூபாயாகக் கணக்கிட்டது.

இராஜாஜியின் அமைச்சரவை 1938இல் கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தை இந்தப் பின்னணியில் படிக்கவேண்டும். 1932 அக்டோபர் 1க்கு முன் வாங்கிய கடன்களுக்கு, 1937 அக்டோபர் 1 வரை நிலுவையில் நின்ற வட்டி முழுவதையும் அச்சட்டம் நீக்கியது. அதைவிட முக்கியமானது மற்றொரு விதி. அசலாகவோ வட்டியாகவோ இரண்டுமாகவோ, வாங்கிய தொகையின் இரு மடங்கை ஒருவர் செலுத்திவிட்டிருந்தால் கடன் முற்றிலும் தீர்ந்ததாகக் கொள்ளப்படும். விகிதத்தைக் கட்டுப்படுத்தும் சட்டங்கள் பல உண்டு. மொத்தத்துக்கு வரம்பு கட்டிய சட்டம் இது. கடன்பட்டவரின் நிலையை விகிதம் காட்டாது, மொத்தமே காட்டும் என்பதை இதை எழுதியவர்கள் நன்கு அறிந்திருந்தார்கள் என்றே நாம் கருதுகிறோம்.

எனினும் அச்சட்டத்தில் இரண்டு இடைவெளிகள் இருந்தன. ஒன்று, வட்டி விகிதம் குறிப்பிடப்படாமல் சொத்து கடன் கொடுத்தவரின் கைவசம் இருக்கும் அடமானங்களுக்கு இந்த விதிகள் பொருந்தா என்று விலக்கப்பட்டது. அதாவது வட்டி என்று எழுதப்படாததால் ஒற்றி தப்பித்துக்கொண்டது! பத்தாண்டுகள் கழித்து 1948இல் வந்த திருத்தமே, முப்பது ஆண்டுகள் கைவசம் வைத்து அனுபவித்த ஒற்றியின் கடன் தீர்ந்ததாகும் என்று, சில விலக்குகளுடன், விதித்தது. மற்றொன்று, இச்சட்டம் விவசாயிக்கு மட்டுமே உரியது. நகராட்சி எல்லைக்குள் குறிப்பிட்ட வாடகை மதிப்புக்கு மேற்பட்ட கட்டடம் உடையவர் விவசாயி என்ற வரையறையிலிருந்து நீக்கப்பட்டார். ஆலைகளால் வளர்ந்துகொண்டிருந்த கோவை நகரின் வீட்டுக்காரருக்கு இரு மடங்கு வரம்பு கிடைக்கவில்லை. நகர வீட்டின் அடமானம் அன்றும் வரம்பின்றி நின்றது. இன்றும் அவ்வாறே நிற்கிறது.

வீடு கட்டவும் வாங்கவும் நீண்டகாலக் கடன் கொடுப்பதையே தொழிலாகக் கொண்ட தனியார் நிறுவனம் இந்தியாவில் 1977இல் எச்.டி. பாரேக் தொடங்கிய எச்.டி.எஃப்.சி. தேசிய வீட்டுவசதி வங்கி 1988இல் ஏற்பட்டது. பின்னர் வணிக வங்கிகளும் பெருமளவில் இதில் இறங்கின. இக்கடனின் சட்ட வடிவம் பெரும்பாலும் உரிமைப் பத்திர ஒப்படைப்பு அடமானம். வீட்டில் குடியிருப்பவர் நாமே; மூலப்பத்திரம் மட்டும் வங்கியின் பெட்டகத்தில். ஒற்றியில் வீடு போயிற்று, பத்திரம் தங்கிற்று. இங்கே அது தலைகீழாக மாறியது.

இதன் கணக்கைச் சற்று நின்று பார்க்கவேண்டும். 25 லட்சம் ரூபாய், ஆண்டுக்கு எட்டரை விழுக்காடு, 20 ஆண்டு என்று கொள்வோம். மாதத் தவணை 21,696 ரூபாய். முதல் மாதத் தவணையில் 17,708 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் குறைவது நாலாயிரத்துக்கும் குறைவு. பத்தாண்டுகள் தவறாமல் கட்டி முடிக்கும்போது 26 லட்சம் ரூபாய் கொடுத்திருப்போம். ஆயினும் பதினேழரை லட்சம் மீதி நிற்கும். பாதிக் காலம் கடந்தும் பத்தில் ஏழு பங்கு அசல் அப்படியே இருக்கிறது. இருபதாம் ஆண்டு முடிவில் செலுத்திய மொத்தம் 52 லட்சம். 1938ஆம் ஆண்டுச் சட்டம் எந்த எல்லையில் கடனைத் தீர்ந்ததாக அறிவித்ததோ, அந்த எல்லையைச் சற்றுத் தாண்டித்தான் இன்றைய சாதாரண வீட்டுக்கடன் தன் இயல்பான முடிவை அடைகிறது.

இதுவும் விகிதம் மாறாதிருந்தால் மட்டுமே. இன்று பெரும்பாலான வீட்டுக்கடன்கள் மாறும் வட்டியில் அமைந்தவை. மேற்கண்ட கடனில் தொடக்கத்திலேயே விகிதம் ஒரு விழுக்காடு கூடி, தவணைத் தொகை மாறாதிருந்தால் 20 ஆண்டு ஏறத்தாழ 25 ஆண்டு 9 மாதமாக நீளும். மொத்தம் 67 லட்சத்தைத் தொடும். ஒரு விழுக்காட்டின் விலை 15 லட்சம். 2022 மே மாதத்துக்கும் 2023 பிப்ரவரிக்கும் இடையே ரிசர்வ் வங்கி தன் ரெப்போ விகிதத்தை 4 விழுக்காட்டிலிருந்து ஆறரைக்கு உயர்த்தியது. 2022இன் தொடக்கத்தில் 7 விழுக்காட்டுக்கு 20 ஆண்டுக் கடனாக 25 லட்சம் வாங்கியவரின் தவணை 19,382 ரூபாய். விகிதம் ஒன்பதரை ஆனபோது வட்டி மட்டுமே ஏறத்தாழ அந்தத் தொகையை எட்டிற்று, அல்லது தாண்டிற்று. அதாவது மாதந்தோறும் கட்டியும் அசல் குறையவில்லை. பலருக்குத் தவணை உயராமல் காலம் மட்டும் நீண்டதால், குறுஞ்செய்தியைப் படித்துவிட்டு நிம்மதி அடைந்தவர்களும் உண்டு. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி தலையிட்டு, தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்ற தெரிவு கடன்பட்டவருக்கு அளிக்கப்படவேண்டும் என்றும், நீட்டிப்பால் அசல் வளரும் நிலை வரக்கூடாது என்றும் பணித்தது.

வங்கிக்கு நியாயமாக ஒன்றைச் சொல்லியாகவேண்டும். மந்தகாலத்தில் விலை சரிந்து கடன் கனத்தது. நம் காலத்தில் விலை ஏறிக்கொண்டே இருப்பதால், இருபதாம் ஆண்டில் கட்டும் தவணை ரூபாய் இன்றைய ரூபாயைவிட இலேசானது. கொடுக்காமல் தப்பிய வாடகையையும் கணக்கில் சேர்க்கவேண்டும். 52 லட்சம் என்ற எண்ணைச் சொல்லி அச்சுறுத்துவது பாதி உண்மையே. ஆனால் இந்த ஆறுதல் வருமானம் தொடர்பவருக்கு மட்டும். 2011 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்ற ஆணையால் திருப்பூரின் சாய ஆலைகள் மூடப்பட்டபோதும், 2020இல் பொதுமுடக்கத்தில் தறிகளும் பட்டறைகளும் நின்றபோதும், தவணை நிற்கவில்லை. 2020இல் ஆறு மாத காலத் தவணைச் சலுகை கிடைத்தது உண்மை; அந்த மாதங்களின் வட்டி ஏறிக்கொண்டே இருந்தது என்பதும் உண்மை. 2002ஆம் ஆண்டுச் சட்டம், வாராக் கடனுக்கு 60 நாள் அறிவிப்புத் தந்தபின் நீதிமன்றத்தில் வழக்குத் தொடராமலே வீட்டைக் கையகப்படுத்தி விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்கு வழங்கியுள்ளது.

வட்டியிலிருந்து விலகி நிற்க விரும்பும் நம் சமுதாயத்தவர் பலர் போக்கியத்தை நாடுகிறார்கள். எட்டு லட்சம் கொடுத்து, வாடகையின்றிக் குடியிருந்து, வெளியேறும்போது எட்டு லட்சத்தையே திரும்பப் பெறுவது. அவ்வீட்டின் வாடகை மாதம் எட்டாயிரம் என்றால், கொடுத்த பணத்துக்கு ஆண்டுக்கு 12 விழுக்காடு பயன் கிடைக்கிறது. பெயர் வட்டி இல்லை. பத்திரத்திலும் வட்டி இல்லை. அடகுப் பொருளைக் கடன் கொடுத்தவர் பயன்படுத்துவது பற்றி ஃபிக்ஹு நூல்கள் விரிவாகப் பேசுகின்றன. உரிமையாளரின் அனுமதி இருந்தால் கூடும் என்ற கருத்து ஹனஃபி மத்ஹபில் உண்டு. ஆனால் 1836இல் மறைந்த திமிஷ்கு நகர அறிஞர் இப்னு ஆபிதீன், அந்தப் பயனை எதிர்பார்த்தே மக்கள் கடன் கொடுக்கும் வழக்கம் நிலவுமாயின், அது நிபந்தனை விதித்ததற்குச் சமம் என்று எச்சரித்தார். கொங்கு நாட்டு ராவுத்தர் குடும்பங்களில் பெரும்பாலோர் ஹனஃபி வழியினர் என்பதால் இந்த விவாதம் அவர்களுக்கு நேரடியாக உரியது. 1938ஆம் ஆண்டுச் சட்டத்திலிருந்து ஒற்றி தப்பிய வரலாற்றை அறிந்தபின், வட்டி என்ற சொல் இல்லாததை மட்டும் வைத்து ஓர் உடன்பாட்டைத் தூயதென்று கொள்ள நமக்குத் தயக்கமாகவே உள்ளது.

வங்கியும் வாங்குபவரும் வீட்டைக் கூட்டாக வாங்கி, வங்கியின் பங்கைச் சிறிது சிறிதாக விலைக்கு வாங்கிக்கொள்ளும் முஷாரகா முறை மலேசியாவிலும் வளைகுடா நாடுகளிலும் நடைமுறையில் உள்ளது. இந்தியாவில் 2008இல் ரகுராம் ராஜன் குழு வட்டியில்லா வங்கிச் சேவையைப் பரிந்துரைத்தும், 2017இல் ரிசர்வ் வங்கி அதை மேற்கொண்டு செல்வதில்லை என்று முடிவு செய்தது. ஆகவே நம்மவர் முன் உள்ள வழிகள் வங்கிக் கடன், போக்கியம், உறவினர் கைமாற்று, பொறுத்திருந்து சேமித்தல் ஆகியவை மட்டுமே.

முன்பே வங்கிக் கடனில் இருப்பவருக்குச் சுருக்கக்கூடியது காலம் ஒன்றே. மாறும் வட்டியிலான வீட்டுக்கடனைத் தனிநபர் முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் தண்டத்தொகை வாங்கக்கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012இல் விதித்தது. நாம் கண்ட 25 லட்சக் கடனில் மாதம் இரண்டாயிரம் ரூபாய் கூடுதலாகச் செலுத்தினால் அது 16 ஆண்டு 3 மாதத்தில் தீரும்; மிஞ்சுவது ஏறத்தாழ 6 லட்சம். கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரத்தை வங்கி திருப்பித் தரவேண்டும். தன் குறையால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தரவேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் நடைமுறை. பத்திரம் கைக்கு வந்தபின்னும் ஒரு வேலை மீதமுண்டு. அடமானம் பதிவாகியிருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். அதுவரை வில்லங்கச் சான்றில் அந்த வீடு அடமானத்தில் இருப்பதாகவே காட்டும்.