கொலையாளிக்கு முகம் கொடுத்த நடிகர்

தன்னை வதைத்தவனின் வேடத்தைத் தானே ஏற்க நேரும் கலைஞனிடம் வெளிப்பட வேண்டுவது வெறுப்பா, உண்மையா? இவ்வினாவுக்குத் தம் நடிப்பால் விடை சொன்னவர் ஜெர்மானியக் குணச்சித்திர நடிகர் எர்வின் கெஷோனெக்.

1906இல் கிழக்குப் பிரஷியாவில் பிறந்து பெர்லினில் வளர்ந்தவர் அவர். பெர்டோல்ட் பிரெக்ட் எழுத்தில் பங்கேற்ற 'கூலே வாம்பே' (1932) படத்தில் கூட்டத்தில் ஒருவராகத் தலைகாட்டினார். மறு ஆண்டு ஹிட்லர் ஆட்சிக்கு வரவே, பொதுவுடைமையாளரான அவர் நாட்டை விட்டு வெளியேறினார். அடைக்கலம் தந்த சோவியத் நாடும் 1938இல் அவரை வெளியேற்றிவிட்டது. 1939இல் பிராக் நகரில் நாஜிகளிடம் பிடிபட்டார். சாக்சன்ஹவுசன், டாஹாவ், நொய்யன்காமே என மூன்று வதைமுகாம்களில் ஆறு ஆண்டுகள் கழிந்தன.

1943ஆம் ஆண்டுக் கோடையில் டாஹாவ் முகாமின் கைதிகள் ஒரு நாடகம் நடத்தினர். சக கைதியான வியன்னா பத்திரிகையாளர் ருடால்ஃப் கல்மார் எழுதியது. அதில் கெஷோனெக் ஏற்ற போர்வீரன் வேடத்துள் ஒளிந்திருந்தவன் ஹிட்லரே. காவலர்கள் கண்முன்னேயே அந்த ஏளனம் அரங்கேறியது.

1945 மே 3இல் கைதிகளை அடைத்திருந்த 'காப் அர்கோனா' கப்பலைப் பிரித்தானிய விமானங்கள் குண்டுவீசித் தகர்த்தன. 4,000க்கும் மேற்பட்ட கைதிகளுள் பிழைத்தோர் சில நூறு பேரே. கெஷோனெக் அவர்களுள் ஒருவர்.

கிழக்கு பெர்லினில் பிரெக்டின் குழு 1949இல் அரங்கேற்றிய 'பூண்டிலா' நாடகத்தில் பணியாள் மாத்தியாக நடித்துப் புகழ்பெற்றார். 1951இல் வந்தது அவருடைய பெருஞ்சோதனை. ஆர்னால்ட் ஸ்வைக்கின் நாவலைத் தழுவிய 'வான்ட்ஸ்பெக்கின் கோடரி' படத்தில், 2,000 மார்க் கூலிக்காக நாஜி எதிர்ப்பாளர் நால்வரின் தலையை வெட்டும் இறைச்சிக் கடைக்காரன் வேடம் அவருக்கு. அவனை அரக்கனாக்காமல், கடனுக்கு அஞ்சிய எளிய மனிதனாகவே காட்டினார். கொலையாளியின்பால் இரக்கம் பிறக்கிறது என்று கூறிச் சில வாரங்களில் படத்தைத் திரையிலிருந்து விலக்கினர். கோடரிக்குக் கழுத்தை நீட்டியிருக்கக்கூடிய ஒருவரே கோடரி பிடித்தவனைப் புரிந்துகொள்ள முயன்றார். அதிகாரத்துக்கோ அந்தப் பொறுமை இல்லை.

1963இல் ஃபிராங்க் பேயர் இயக்கிய இரு படங்கள் அவருடைய வீச்சைக் காட்டின. 'ஓநாய்களிடை அம்மணமாக' படத்தில் புக்கன்வால்ட் முகாமின் கைதித் தலைவர். 'கார்பைடும் புளிக்கீரையும்' நகைச்சுவைப் படத்தில், போர் முடிந்த நாட்டில் ஏழு பீப்பாய்க் கார்பைடுடன் டிரெஸ்டன் நோக்கி அல்லாடும் தொழிலாளி. 1974இல் அதே இயக்குநரின் 'பொய்யன் யாக்கோப்' படத்தில், நம்பிக்கை பொய்த்தபின் உயிர் துறக்கும் முடிதிருத்துநர் கோவால்ஸ்கி ஆனார். ஆஸ்காருக்குப் பரிந்துரை பெற்ற ஒரே கிழக்கு ஜெர்மானியப் படம் அது.

தாம் தப்பிய கப்பலின் கதையையும் 1982இல் தொலைக்காட்சிக்கு நடித்துக் கொடுத்தார். மகன் மாத்தி கெஷோனெக் 1995இல் இயக்கிய தொலைக்காட்சிப் படமே அவர் கடைசியாக நடித்தது. 2008இல், 101 வயதில் மறைந்தார்.

சொல்லைக் கருவியாகக் கொண்ட நாம் அவரிடம் கற்க ஒன்று உண்டு. பகைவனைப் பழிப்பது எளிது. அவனுக்கும் நமக்கும் உள்ள இடைவெளி எவ்வளவு சிறியது என்று காட்டுவதே அரிது. அந்த அரிய செயலைச் செய்ய, அவரைவிட அதிக உரிமை படைத்தவர் எவர்?