பிரிக்காத பந்தல்

இடிந்தகரை லூர்து மாதா கோயில் முன்னால் பந்தல் போடுவது ஊருக்குப் புதிதல்ல. திருவிழா முடிந்தால் பிரித்துவிடுவார்கள். 2011 செப்டம்பரில் போட்டது மட்டும் பிரிக்கப்படாமல் நின்றது.

ஊருக்குப் பக்கத்தில் வரவிருந்த கூடங்குளம் அணுமின் நிலையத்துக்கான ஒப்பந்தத்தில் ராஜீவ் காந்தியும் சோவியத் தலைவர் கோர்பசேவும் கையெழுத்திட்டது 1988 நவம்பர் 20. அடுத்த மே தினத்திலேயே கன்னியாகுமரியில் மீனவர் பேரணி. துப்பாக்கிச் சூட்டில் முடிந்தது. பிறகு சோவியத் யூனியன் உடைந்தது, திட்டம் முடங்கியது, எதிர்ப்பும் தளர்ந்தது. 2011 மார்ச்சில் ஜப்பானின் ஃபுகுஷிமா அணு உலை வெடித்ததை வீட்டுக்கு வீடு தொலைக்காட்சியில் பார்த்தார்கள். கடல் என்ன செய்யும் என்று 2004-இல் சுனாமி பார்த்த கரைக்கு யாரும் வகுப்பெடுக்க வேண்டியதில்லை. பின்னர் உயிர்பெற்றிருந்த கூடங்குளம் திட்டத்தில் ஆகஸ்டில் சோதனை ஓட்டம் தொடங்கி, உலையிலிருந்து நீராவி பேரிரைச்சலோடு வெளியேறியதும் ஊர் பொறுமை இழந்தது.

செப்டம்பர் 11 அன்று 127 பேர் சாகும்வரை உண்ணாவிரதம் உட்கார்ந்தார்கள். உட்கார்ந்தவர்களுக்கு நிழல் வேண்டும்; பந்தல் பிறந்தது அதற்காகத்தான். மக்களின் அச்சம் தீரும்வரை பணியை நிறுத்தும்படி தமிழக அமைச்சரவை 22-ஆம் தேதி தீர்மானம் போட்டதும் உண்ணாவிரதம் முடிந்தது. ஆனால் உலை வேலை நிற்கவில்லை. அக்டோபரில் முறை வைத்துத் தொடர் உண்ணாவிரதம் தொடங்கியபோது பந்தல் போராட்டத்தின் வீடாகிவிட்டது.

செய்தியாளர்கள் போராட்டத் தலைவர்கள் சுப. உதயகுமாரையும் புஷ்பராயனையும் தேடி வந்தார்கள். பந்தலைக் காத்ததென்னவோ பெண்கள். ஆண்கள் கடலுக்குப் போக, இவர்கள் மடியில் தட்டு வைத்துப் பீடி சுற்றியபடியே பட்டினி இருந்தார்கள். ஆபத்து என்றால் கோயில் மணி அடிக்கும், ஊர் கூடிவிடும். அமெரிக்கத் தொண்டு நிறுவனங்களின் பணம் போராட்டத்தின் பின்னால் இருப்பதாகப் பிரதமர் மன்மோகன் சிங் 2012 பிப்ரவரியில் சொன்னார். பீடிக் கூலியில் குடும்பம் நடத்துகிறவர்களைப் பற்றிய பேச்சு அது!

2012 மார்ச் 19 அன்று மாநில அரசு மனம் மாறி உலைக்குப் பச்சைக்கொடி காட்டியது. ராதாபுரம் வட்டத்தில் 144 தடை. சாலைகளைப் போலீஸ் மறித்தது. பக்கத்துக் கடலோர ஊர்க்காரர்கள் படகேறி வந்தார்கள். செப்டம்பர் 10-இல் கடற்கரையில் தடியடியும் கண்ணீர்ப்புகையும். அன்று கடலோர ஊரான மணப்பாட்டில் மீனவர் ஒருவர் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். ஆயிரக்கணக்கானோர் மீது தேசத் துரோக வழக்கு.

2013 மே 6-இல் உச்ச நீதிமன்றம் உலைக்கு அனுமதி தந்தது. அதே தீர்ப்பில், போராடியவர்கள் மீதான வழக்குகளைத் திரும்பப் பெற முயலும்படி அரசிடம் சொன்னது. அக்டோபரில் முதல் உலையின் மின்சாரம் கம்பியேறியது. அதற்குப் பின்னும் பந்தலில் உட்கார ஆள் இருந்தது.