குஸ்கோவின் கற்சுவர்கள்

பெரு நாட்டின் குஸ்கோ நகரில், காலையில் தனி வண்டி அமர்த்திக்கொண்டு முதலில் சக்சைவாமன் கோட்டை மேட்டுக்கு ஏறலாம். நூறு டன்னைத் தாண்டும் பாறைகளும் அங்கே உண்டு. கற்களுக்கு இடையில் சாந்து இல்லை, கத்தி முனையும் நுழையாது. இரும்புக் கருவியோ வண்டிச் சக்கரமோ இல்லாத இன்கா மக்கள், கல்லைக் கல்லாலேயே இடித்துச் செதுக்கி, கயிறு கட்டி இழுத்து வந்தார்கள். என்ன உழைப்பு அது!

1536-இல் இன்கா அரசர் மாங்கோ இன்காவின் படை, நாட்டைக் கைப்பற்றியிருந்த ஸ்பானியரோடு இங்கே மோதித் தோற்றது. பிறகு கோட்டைக் கற்கள் பெயர்க்கப்பட்டு, கீழே நகரில் தேவாலயமாகவும் மாளிகைகளாகவும் மாறின. பெயர்க்க முடியாதவையே எஞ்சின.

பிற்பகலில் கொரிகாஞ்சா. பொன் தகடு போர்த்திய சூரியன் கோயில் அது; அதன்மேல் ஸ்பானியர் மடம் கட்டினார்கள். 1950 நிலநடுக்கத்தில் மடம் பெரிதும் சிதைந்தது. உள்ளே மறைந்திருந்த இன்காச் சுவர்கள் உறுதியாக நின்றன.