வேகநடை வீராங்கனை ஜேன் சாவில்

நடத்தல் யாவர்க்கும் இயல்பு. ஆதலின் அதனைக் கடும் போட்டியாக எண்ணிப் பார்ப்போர் நம்மிடையே மிகச் சிலரே. விடியற்காலையில் சாந்திபுரத்துச் சாலைகளில் உடல்நலம் வேண்டி நடக்கும் நம் சங்கத்துப் பெரியோர்களும் தாய்மார்களும்கூட, வேகநடைப் போட்டி என்றால் நகைத்தல் கூடும். இடுப்பை அசைத்து அசைத்து விரையும் அக்காட்சியை முதன்முதற் கண்டபோது நாமும் நகைத்தோம், அதனை மறைப்பானேன்?

1998-ஆம் ஆண்டு கோலாலம்பூரில் நடைபெற்ற காமன்வெல்த் விளையாட்டு விழாவில், ஆண்களுக்கான 50 கிலோமீட்டர் நடையில் மலேசியத் தமிழரான கோவிந்தசாமி சரவணன் தங்கப் பதக்கம் வென்றார். தமிழர் எந்நாட்டில் வாழினும் எண்ணி மகிழத்தக்க வெற்றி அது. அவ்விழாவிலேயே பெண்களுக்கான 10 கிலோமீட்டர் நடையில் தங்கம் பெற்றவர் ஆஸ்திரேலிய நாட்டு ஜேன் சாவில் என்னும் அம்மையார். சரவணனைப் பற்றி அறியப் புகுந்த நாம், இவ்வம்மையாரின் வரலாற்றில் ஆழ்ந்துவிட்டோம்.

ஒலிம்பிக் விழாவில் ஆடவர் 1908 முதலே நடைப்போட்டியில் பங்குகொண்டனர். பெண்டிர்க்கோ 1992-இல், பார்சிலோனாவில்தான் அவ்வழி திறந்தது. எண்பத்து நான்கு ஆண்டுகள் பெண்கள் நடக்க அறியாதிருந்தனர் போலும்! முதலில் 10 கிலோமீட்டராக இருந்த அப்போட்டி, 2000-இல் சிட்னி விழாவில் 20 கிலோமீட்டராயிற்று. நம் நாட்டுப் பெண்டிரும் பின்னாளில் இவ்வழியில் வந்தனர். பஞ்சாபைச் சேர்ந்த குஷ்பீர் கவுர் 2014-இல் இஞ்சியோன் ஆசிய விளையாட்டு விழாவில் வெள்ளிப் பதக்கம் பெற்றார்.

இப்போட்டியின் விதிகள் இரண்டே. ஒரு பாதமேனும் எப்பொழுதும் நிலத்தைத் தொட்டிருத்தல் வேண்டும். முன்வைக்கும் கால், நிலத்தைத் தொட்ட கணம் முதல் உடலின் நேர்க்கீழ் வரும்வரை முழங்கால் மடங்காதிருத்தல் வேண்டும். வழி நெடுக நிற்கும் நடுவர்கள் வெறுங்கண்ணாலேயே நோக்குவர். நிழற்படத்தில் இரு பாதங்களும் நிலத்தைவிட்டு எழுந்திருப்பது புலப்படுவதுண்டு. ஆயினும் கண்ணுக்குத் தெரிந்த குற்றமே குற்றம். அக்காலத்தில் மூன்று நடுவர்கள் தனித்தனியே குற்றம் கண்டால் நடப்பவர் விலக்கப்பட்டார். சிலர் இதனை நேர்மையற்ற முறை என்பர். நமக்கும் சிட்னி நிகழ்ச்சியைப் படிக்கும்போதெல்லாம் அவ்வெண்ணம் தோன்றாமலில்லை.

2000 செப்டம்பர் 28. சிட்னி ஜேன் சாவிலின் சொந்த நகரம். போட்டியின் பிற்பகுதியில் முன்னணியில் சென்ற சீனத்து லியு ஹோங்யு விலக்கப்பட்டார். இத்தாலியின் எலிசபெட்டா பெர்ரோனேயும் விலக்கப்பட்டார். அதன்பின் சாவிலே யாவர்க்கும் முன்னே நடந்தார். பத்தொன்பது கிலோமீட்டருக்கு மேல் கடந்தாயிற்று. அரங்கத்துக்குள் நுழைந்து எல்லைக்கோட்டை அடைவதொன்றே எஞ்சியிருந்தது. உள்ளே மக்கள் திரள் தம் ஊர்ப் பெண்ணை வரவேற்கக் காத்திருந்தது. அரங்கத்தின் நுழைவழியில் தலைமை நடுவர் எதிரே வந்து சிவப்பு அட்டையைக் காட்டினார். அம்மையார் தலையைப் பற்றிக்கொண்டு கதறி அழுதார். சீனத்து வாங் லிபிங் 1 மணி 29 நிமிடம் 5 நொடியில் தங்கம் பெற்றார்.

நாமாயின் அன்றோடு காலணியைக் கழற்றி எறிந்திருப்போம். அவர் எறிந்தாரல்லர். தம்மை விலக்கிய அதே விதிகளின் கீழ், 2002-இல் மான்செஸ்டர் காமன்வெல்த் விழாவில் 20 கிலோமீட்டர் நடையில் தங்கம் வென்றார். 2004-இல் ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் 1 மணி 29 நிமிடம் 25 நொடியில் மூன்றாமவராக வந்து வெண்கலம் பெற்றார். முதலிடத்துக்கும் அவருக்கும் இடைவெளி 13 நொடிகளே. தங்கத்தை நோக்க வெண்கலம் சிறிதுதான். எனினும் இம்முறை அரங்கத்தின் வாயிலில் எவரும் அவரைத் தடுக்கவில்லை.

நான்கு ஒலிம்பிக் விழாக்களில் நடந்து, 2008-இல் பெய்ஜிங் விழாவுக்குப் பின்னரே அவர் ஒலிம்பிக் களத்தை விட்டு நீங்கினார். அதற்கு முன், 2006-இல் மெல்பர்னில் காமன்வெல்த் விழா நடைபெற்றது. மீண்டும் தாய்நாட்டு மண்; மீண்டும் தம் மக்கள் முன்னிலை. ஜேன் முதலாவதாக வந்து மூன்றாம் முறையாகத் தங்கம் வென்றார். அவரைத் தொடர்ந்து இரண்டாவதாக வந்தவர் அவர்தம் தங்கை நாட்டலி.