காய்ச்சல் இல்லாத மூளைக்காய்ச்சல்

பீகாரின் முசாபர்பூர் மாவட்டத்தில் லிச்சி பழுப்பது மே, ஜூன் மாதங்களில். 1995 முதல் அந்தப் பருவத்தோடு ஒரு நோயும் வந்துகொண்டிருந்தது. முந்தின நாள் மாலைவரை தோப்பில் ஓடியாடிய பிள்ளை, விடியற்காலையில் கீச்சென்று அலறி எழும். கைகால் வெட்டி இழுக்கும். பிறகு நினைவு தப்பிவிடும். மழை இறங்கியதும் நோய் நின்றுவிடும். ஊரார் அதற்கு வைத்த பெயர் 'சம்கி புகார்'. சம்கி என்றால் வெட்டி இழுப்பது. புகார் என்பது அவர்கள் மொழியில் காய்ச்சல். அரசு ஆவணங்களில் அது 'அக்யூட் என்செபலைட்டிஸ் சிண்ட்ரோம்'. தமிழ் நாளிதழ்களில் 'மூளைக்காய்ச்சல்'.

மூன்று பெயர்களும் ஒரே பக்கம் கை காட்டின: காய்ச்சல், அழற்சி, கிருமி. ஆய்வகங்கள் ஆண்டுக்கணக்கில் வைரஸைத் தேடின. வைரஸ் கிடைக்கவில்லை. மருத்துவமனைக்குக் கொண்டுவரப்பட்ட பிள்ளைகளில் பலருக்குக் காய்ச்சலே இல்லை என்பது அப்போதே கண்ணில் பட்டிருக்க வேண்டிய செய்தி.

அங்கே பொருந்தியிருக்க வேண்டிய சொல் 'என்செபலோபதி'. கிரேக்க மொழியில் 'என்' என்றால் உள்ளே, 'கெஃபலே' என்றால் தலை. தலைக்குள் இருப்பது மூளை. 'பாதோஸ்' என்றால் துன்பம், நோய். 'ஐட்டிஸ்' என்று முடியும் சொல் அழற்சியைக் குறிக்கும். 'பதி' என்று முடிவது, காரணத்தைச் சொல்லாமல், உறுப்பு நலம் கெட்டிருக்கிறது என்று மட்டும் சொல்லும். ஒரே ஒரு விகுதி வேறுபாடு. அந்த விகுதிக்குத் தமிழில் நிலைத்த இடம் இல்லாததால் வரும் குழப்பமும், அதை நீக்கும் வழியுமே இக்கட்டுரையின் பொருள்.

முசாபர்பூரில் திருப்பம் வந்தது ஒரு சொல்லை மாற்றிப் பார்த்தபோதுதான். வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் ஓய்வுபெற்ற வைரஸ் இயல் பேராசிரியர் டி. ஜேக்கப் ஜான், லக்னோவின் இந்திய நச்சியல் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த முகுல் தாஸ், முசாபர்பூரின் குழந்தை மருத்துவர் அருண் ஷா ஆகியோர் நோயின் போக்கைப் பார்த்து, இது என்செபலைட்டிஸ் அன்று, என்செபலோபதி என்றார்கள். 2014இல் ஜானும் தாஸும் 'கரன்ட் சயின்ஸ்' இதழில் இதற்கு நச்சுப்பொருள் காரணமாகலாம் என்ற கருதுகோளை வெளியிட்டார்கள். அழற்சி என்றால் தண்டுவட நீரில் வெள்ளணுக்கள் பெருகியிருக்க வேண்டும். இங்கே பெரும்பாலான பிள்ளைகளுக்கு அப்படி இல்லை. குறைந்திருந்தது ரத்தச் சர்க்கரை.

லிச்சி விதையில் எம்.சி.பி.ஜி. என்ற பொருள் இருப்பது 1962லேயே தெரியும். அதன் உடன்பிறப்பு போன்ற ஹைப்போகிளைசின், ஜமைக்காவின் அக்கி பழத்தில் இருக்கிறது. பழுக்காத அக்கியைத் தின்றவர்களுக்கு வாந்தியும் வலிப்பும் மரணமும் வந்த வரலாறு அந்தத் தீவுக்கு உண்டு. இரவு பட்டினியாகக் கிடக்கும் உடல், கல்லீரலில் சேர்த்த சர்க்கரை தீர்ந்ததும் கொழுப்பை எரித்து அந்த ஆற்றலில் புதுச் சர்க்கரை செய்துகொள்ளும். இந்த நச்சுகள் அந்த வழியை அடைத்துவிடுகின்றன. நன்றாகச் சாப்பிட்டு வளர்ந்த பிள்ளைக்குக் கையிருப்பு காலைவரை தாங்கும். ஒட்டிய வயிறோடு தோப்பில் உதிர்ந்த பழத்தைப் பொறுக்கித் தின்றுவிட்டு இரவுச் சோறில்லாமல் படுத்த பிள்ளைக்கு விடிவதற்குள் தீர்ந்துவிடும். மூளை பட்டினியில் துடிக்கிறது. இதைக் காய்ச்சல் என்று எப்படிச் சொல்வது?

2014 மே 26 முதல் ஜூலை 17 வரை முசாபர்பூரின் இரண்டு பெரிய மருத்துவமனைகளில் இந்த நோயோடு 390 பேர் சேர்க்கப்பட்டார்கள். 122 பேர் இறந்தார்கள். சர்க்கரை அளவு பார்க்கப்பட்ட 327 பேரில் 204 பேருக்கு 100 மில்லி ரத்தத்தில் 70 மில்லிகிராமோ அதற்குக் குறைவோதான் இருந்தது. 2017இல் 'லான்செட் குளோபல் ஹெல்த்' இதழில் இவற்றை வெளியிட்ட ஆய்வு, லிச்சி தின்றதும் மாலை உணவைத் தவறவிட்டதும் நோயோடு தொடர்புடையவை என்று காட்டியது. அந்தக் கட்டுரையின் தலைப்பிலேயே என்செபலைட்டிஸ் போய் என்செபலோபதி வந்திருந்தது. பெயர் மாறியதும் செய்ய வேண்டியதும் தெளிவானது: இரவில் பிள்ளையைப் பட்டினியாகப் படுக்க விடாதே; வலிப்போடு வந்தால் முதலில் சர்க்கரையைப் பார், நரம்பில் டெக்ஸ்ட்ரோஸ் ஏற்று. 2014க்குப் பின் சில ஆண்டுகள் நோய் குறைந்திருந்தது. 2019இல் மீண்டும் வெடித்து, பீகாரில் 150க்கு மேற்பட்ட பிள்ளைகளைக் கொண்டுபோனது.

லிச்சி மட்டும் காரணமன்று, கடும் வெப்பமும் ஈரப்பதமும் காரணம் என்று வாதிட்டவர்களும் உண்டு. அந்த வாதம் எப்படி முடிந்தாலும் என்செபலோபதி என்ற சொல்லுக்குச் சேதமில்லை. மூளை குலைந்திருக்கிறது, ஏன் என்று தேடு என்று மட்டுமே அது சொல்கிறது. காரணத்தை முன்கூட்டியே முடிவு செய்யாமல் கதவைத் திறந்து வைத்திருப்பது அதன் பெரிய பலம். வியட்நாமின் பாக் சியாங் வட்டாரத்திலும் லிச்சிப் பருவத்தில் இதே போன்ற நோய் உண்டு. அங்கே அதற்கு 'ஆக் மோங்' என்று பெயர். கெட்ட கனவு என்று பொருள். பிள்ளைகள் உறக்கத்திலிருந்து அலறி எழுவதைப் பார்த்தவர்கள், பார்த்ததையே பெயராக வைத்துவிட்டார்கள். ஒருவகையில் அது 'மூளைக்காய்ச்சல்' என்பதைவிட நேர்மையான பெயர்.

தமிழ்ச் சொல்லுக்கு வருவோம். எலிக்காய்ச்சல், பன்றிக்காய்ச்சல், பறவைக்காய்ச்சல் என்னும் தொடர்களில் முன்னே நிற்பது காய்ச்சல் எங்கிருந்து வருகிறது என்பது. மூளைக்காய்ச்சலில் முன்னே நிற்பது நோய் தங்கும் இடம். எலிக்காய்ச்சல் என்றதும் எலியை விரட்டத் தோன்றும். மூளைக்காய்ச்சல் என்றதும் அப்படி எதுவும் தோன்றாது. இந்த ஒரு சொல்லுக்குள் மூளையுறை அழற்சி, மூளையழற்சி, மூளையைத் தாக்கும் மலேரியா, அமீபாத் தொற்று என எல்லாம் அடங்கிவிடுகின்றன. தமிழ்நாட்டுக்கு இந்தச் சொல்லோடு சொந்த நினைவும் உண்டு: ஜப்பானிய மூளைக்காய்ச்சல் மனிதருக்கு வருவது இந்தியாவில் முதன்முதலில் கண்டறியப்பட்டது 1955இல், வேலூர் வட்டாரத்தில். நெல்வயல் கொசுவும் பன்றியும் கொக்கும் சேர்ந்து சுமக்கும் அந்த நோயில் மூளை உண்மையிலேயே அழல்கிறது, பெயர் பொருந்துகிறது. அந்த ஒரு பொருத்தமே மற்ற எல்லாவற்றுக்கும் அதே பெயரைச் சூட்டும் பழக்கத்துக்கு இடம் கொடுத்தது எனலாம்.

இதற்கு முன் மக்களிடம் இருந்த சொல் 'ஜன்னி'. சித்த, ஆயுர்வேத மரபில் வாதம், பித்தம், கபம் மூன்றும் ஒருசேரக் கெட்ட நிலையான சன்னிபாதத்திலிருந்து வந்தது. 'ஜன்னி கண்டிருச்சு' என்று பாட்டி சொன்னபோது, பிதற்றல், நினைவு தடுமாறல், உடல் நடுக்கம் என்ற நிலையைத்தான் சொன்னார். பிரசவ ஜன்னி என்று அடைமொழி சேர்த்துச் சூழலையும் சொன்னார். மருத்துவக் கோட்பாடு வேறாக இருக்கலாம். ஆனால் சொல்லின் அமைப்பில் ஜன்னி என்செபலோபதிக்கு மிக நெருக்கமானது. இரண்டும் நிலையின் பெயர்கள். இரண்டுக்கும் அடைமொழி வேண்டும். நவீனம் என்று நினைத்து ஜன்னியைத் தள்ளிவிட்டு மூளைக்காய்ச்சலைப் பிடித்துக்கொண்டதில் ஓர் இழப்பு நேர்ந்திருக்கிறது.

மேலை மருத்துவத்திலும் இந்தத் தடுமாற்றம் நடந்ததுதான். 1881இல் ஜெர்மானிய மருத்துவர் கார்ல் வெர்னிக்கே மூன்று நோயாளிகளை விவரித்தார். இருவர் குடிநோயாளிகள், ஒருத்தி கந்தக அமிலத்தைக் குடித்துவிட்டு ஓயாமல் வாந்தியெடுத்த 20 வயதுத் தையல்காரப் பெண். கண் அசைவு கெட்டு, நடை தள்ளாடி, நினைவு குழம்பி மூவரும் இறந்தார்கள். மூளையில் சிறுசிறு ரத்தக் கசிவுகளைக் கண்ட வெர்னிக்கே, அதை அழற்சி என்று கருதி 'ஐட்டிஸ்' என்று முடியும் பெயரையே வைத்தார். தயமின் என்ற பி1 வைட்டமின் 1926இல்தான் பிரித்தெடுக்கப்பட்டது. அது இல்லாமற்போனதே அந்த நோய்க்குக் காரணம் என்று பிறகு தெளிவானது. இன்று அதன் பெயர் வெர்னிக்கே என்செபலோபதி. மருந்து, ஊசி வழியாக ஏற்றும் ஒரு வைட்டமின்.

சொல்லின் பயன்பாடு மிக விரிந்தது என்பதும் உண்மையான சிக்கல். கல்லீரல் சுருங்கிய ஒருவர் இரண்டு நாள் மலம் போகாமல் இருக்கிறார். மூன்றாம் நாள் பகலெல்லாம் தூங்கி, இரவெல்லாம் விழித்திருக்கிறார். சட்டைப் பொத்தானைப் போடத் தெரியாமல் திணறுகிறார். கையை நீட்டி மணிக்கட்டை நிமிர்த்தச் சொன்னால் கை சிறகடிப்பதுபோல் தட்டுகிறது. வீட்டில் 'மறுபடி குடிச்சிட்டார்' என்று சண்டை நடக்கும். கல்லீரல் வடிகட்டத் தவறிய அம்மோனியா முதலிய கழிவுகள் மூளையை மயக்கும் இந்த நிலை ஹெபாட்டிக் என்செபலோபதி. லாக்டுலோஸ் கொடுத்து மலம் இளகினால், பெரும்பாலும் சில நாளில் தெளிந்து பேரனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். 1986இல் பிரிட்டனில் அடையாளம் காணப்பட்ட மாட்டு நோயின் பெயரிலும் இதே என்செபலோபதி இருக்கிறது. அதில் மூளை பஞ்சுபோல் ஓட்டையாகிறது, மீட்சியே இல்லை. குத்துச்சண்டை வீரர்களுக்கும் அமெரிக்கக் கால்பந்து வீரர்களுக்கும் தலையில் அடிமேல் அடி விழுந்து வரும் நாட்பட்ட நோய்க்கும் அதே பெயர். மூன்று நாளில் தெளிவதும் ஒருபோதும் தெளியாததும் ஒரே சொல்லில் அடங்கினால், வெளியே வராந்தாவில் காத்திருக்கும் மகள் எதைப் புரிந்துகொள்வாள்?

2020இல் 10 மருத்துவச் சங்கங்கள் சேர்ந்து வெளியிட்ட பெயரீட்டு அறிக்கை ஓரளவு ஒழுங்கு செய்தது. நான்கு வாரத்துக்குள், பெரும்பாலும் சில மணியிலோ நாளிலோ, மூளைக்குள் வேகமாக உருவாகும் நோய்ச்செயலே 'அக்யூட் என்செபலோபதி'. அதன் விளைவாக வெளியே தெரியும் பிதற்றலும் ஆழ்மயக்கமும் வேறு சொற்களால் குறிக்கப்பட வேண்டும் என்றது. உள்ளே நடப்பதற்கு ஒரு சொல், வெளியே தெரிவதற்கு ஒரு சொல். நல்ல பிரிவு.

எதிர்த்திசைத் தவறும் உண்டு. அதை மறைப்பது நியாயமாகாது. எல்லாவற்றையும் என்செபலோபதி என்று போட்டு, 'உப்புக் குறைஞ்சிருக்கு, சரியாயிடும்' என்று சொல்லிவிடும்போது, உண்மையான அழற்சி தப்பிவிடுகிறது. ஹெர்ப்பிஸ் வைரஸால் வரும் மூளையழற்சிக்கு மருந்து கொடுக்காவிட்டால் 10 பேரில் 7 பேர் இறக்கிறார்கள். அந்த மருந்தான அசைக்ளோவிர் எவ்வளவு சீக்கிரம் தொடங்கப்படுகிறதோ அவ்வளவு நல்லது. ஆகவே இந்தச் சொல்லை நோய்நிர்ணயத்தின் முடிவாக எழுதுவது பிழை. அடைமொழி இல்லாத என்செபலோபதி, பாதியில் நிறுத்திய வாக்கியம்.

அடைமொழி சேர்த்தாலும் எச்சரிக்கை தேவை. பிறந்தவுடன் அழாமல், துவண்டு, வலிப்பு காணும் சிசுவுக்கு 'ஹைப்பாக்சிக் இஸ்கீமிக் என்செபலோபதி' என்று எழுதுவது வழக்கம். ஆக்சிஜனும் ரத்தமும் தடைபட்டன என்ற காரணம் பெயரிலேயே ஏறிவிடுகிறது. பிரசவம் பார்த்தவர்மீது பழியும் கூடவே ஏறுகிறது. பணக்கார நாடுகளில் இத்தகைய சிசுக்களின் உடலை 33.5 டிகிரிக்குக் குளிர்வித்து 72 மணி நேரம் வைத்திருப்பது பலன் தந்த சிகிச்சை. இந்தியா, இலங்கை, வங்கதேசம் ஆகிய மூன்று நாடுகளின் 7 மருத்துவமனைகளில் 408 சிசுக்களிடம் அதைச் சோதித்த 'ஹீலிக்ஸ்' ஆய்வின் முடிவு 2021இல் வந்தது. குளிர்விக்கப்பட்டவர்களில் 42 விழுக்காட்டினரும் மற்றவர்களில் 31 விழுக்காட்டினரும் இறந்திருந்தார்கள். பெயர் அதே, நோயும் அதேதானா என்ற கேள்வியை அந்த எண்கள் எழுப்புகின்றன. காரணம் உறுதியாகும்வரை 'சிசு என்செபலோபதி' என்று நிறுத்திக்கொள்ள வேண்டும் என்போரின் வாதம் இதனால் வலுக்கிறது.

இனி, தமிழில் இதை என்னவென்று எழுதுவது? 'ஐட்டிஸ்' விகுதிக்கு அழற்சி நன்றாக ஊன்றிவிட்டது. அழல் என்ற வேரே நெருப்பைக் காட்டுகிறது. மூட்டழற்சி, கல்லீரல் அழற்சி என்று எங்கும் ஒட்டுகிறது. 'பதி'க்கோ, வெறும் நோய். அதனால் கலைச்சொல் பட்டியல்கள் தரும் 'மூளைநோய்' பக்கவாதம், கட்டி, மறதிநோய் எல்லாவற்றையும் வாரிக்கொள்ளும். இன்னொரு தீங்கும் உண்டு. 'மூளை கலங்கிப்போச்சு', 'மூளைக் கோளாறு' என்பவை நம் தெருவில் பைத்தியத்தைக் குறிக்கும் பேச்சு. மூளைநோய் என்று சொன்ன மாத்திரத்தில் கல்லீரல் நோயாளியின் வீட்டார் பெண்ணின் கல்யாணப் பேச்சை நினைத்து அஞ்சுவார்கள்.

'மூளைக் குலைவு' பொருத்தமாகப் படுகிறது. குலைதல் என்பது இருந்த ஒழுங்கு கெடுவது. கட்டுக் குலைந்ததை மீண்டும் கட்டலாம் என்ற குறிப்பும் அதில் உண்டு. திடீர், நாட்பட்ட என்ற சொற்களை முன்னே சேர்க்கலாம். காரணம் தெரிந்தால் அதையும் சேர்க்கலாம். 'சர்க்கரைக் குறைவால் திடீர் மூளைக் குலைவு' என்று முசாபர்பூர் செய்தியைத் தமிழில் எழுதியிருந்தால், அதைப் படித்த ஒரு கிராமச் செவிலியர்கூட முதலில் விரல் நுனியில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்திருப்பார்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் யாழ்ப்பாணத்து மானிப்பாயில் சாமுவேல் கிரீன் என்ற அமெரிக்க மருத்துவர் தமிழிலேயே மருத்துவம் கற்பித்தார். மேலை மருத்துவ நூல்களைத் தமிழாக்கினார். மாணவர்களோடு உட்கார்ந்து சொல் தேடினார். அத்தகைய உழைப்பு இன்று வேண்டியிருப்பது நோயாளி வீட்டுக்கு எடுத்துப்போகும் சீட்டில். அதில் 'ஹெபாட்டிக் என்செபலோபதி, கிரேடு 2' என்ற ஆங்கில வரிக்குக் கீழே இப்படி எழுத இடம் இருக்கிறது: 'கல்லீரல் கெட்டதால் மூளைக் குலைவு வந்தது, இப்போது தெளிந்துவிட்டது. ஒரு நாளைக்கு இரண்டு மூன்று முறை மலம் போகும்படி மருந்தைக் கொடுங்கள். பகலில் தூங்கி இரவில் விழித்தாலோ, பேச்சு குழறினாலோ, கை சிறகடிப்பதுபோல் ஆடினாலோ விடியும்வரை காத்திராமல் அழைத்து வாருங்கள்.'